மூடியைத் திறந்ததும் புளிச்ச வாடை: மலையகத்துப் பழைய ரீல்களுக்குக் கைவைத்தியம்

இலங்கை மலையகத்தில், ஹட்டனில் என் கடைக்கு யாராவது பழைய ஃபிலிம் ரீல் அடைத்த துருப்பிடித்த தகர டப்பாவோடு படியேறி வந்தால் நான் கேட்கும் முதல் கேள்வி ஒன்றுதான்: "மெசின்ல போட்டுப் பார்த்தீங்களா?" இல்லை என்றால் நிம்மதி. "போன கிழமை போட்டோம் அண்ணே, கொஞ்ச நேரம் ஓடிச்சு, அப்புறம் அறுந்திருச்சு" என்றால் மனதுக்குள் ஒரு திட்டு, வெளியே ஒரு சிரிப்பு. திட்ட எனக்கும் தகுதியில்லை. கல்யாண வீடியோ எடுத்துப் பிழைத்துக்கொண்டிருந்த நான் இந்த வேலைக்குள் வந்ததே அப்படி ஒரு தப்பால்தான்.

ஒரு தோட்டத்துப் பங்களாவின் கூரைத்தட்டில் கிடந்த ஆறு ரீல்கள் கைக்கு வந்தன. இரவல் வாங்கிய புரொஜெக்டரில் அன்று பின்னேரமே முதல் ரீலை மாட்டினேன். தோட்டத்து விளையாட்டுப் போட்டி. சாக்கு ஓட்டம் தொடங்கியது, டர்ரென்று ஒரு சத்தம், அவ்வளவுதான். ஒரு முழம் ஃபிலிம் ஓரம் ஓரமாகக் கிழிந்து தொங்கியது. ரீல்கள் வந்த மஞ்சள் அட்டைப் பெட்டிகளில் பூஞ்சை பிடித்திருந்ததால் அவற்றைக் குப்பையில் போட்டேன். இரண்டாவது தப்பு முதலாவதைவிடப் பெரிது. ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

1972, 1975 காணிச் சீர்திருத்தச் சட்டங்களால் தோட்டங்கள் அரசுடைமையானபோது வெள்ளைக்காரத் தொரைமார் ஊருக்குத் திரும்பினார்கள். தாங்கள் எடுத்த படங்களைச் சிலர் கொண்டுபோனார்கள், சிலர் அப்படியே விட்டுப்போனார்கள். அவை பங்களா கூரைத்தட்டிலும் பெரிய கிளாக்கர் வீட்டு மச்சிலும் தேயிலைப் பெட்டிக்குள்ளும் கிடக்கின்றன. பாடசாலை அலுமாரி, சங்கக் காரியாலயம், கோயில் கமிட்டி என்று வேறு இடங்களும் உண்டு.

கீழே உள்ளதை வரிசையாக வாசிக்க வேண்டியதில்லை. உங்கள் ரீலுக்கு என்ன நோயோ அங்கே போங்கள். முதல் பகுதியை மட்டும் எல்லோரும் வாசித்துவிடுங்கள்.

## எதற்கும் முன்: அடிமட்டத்தை எடுங்கள்

ஃபிலிமின் அகலத்தை அளங்கள். 8 மி.மீ, 16 மி.மீ என்றால் பயமில்லை. வீட்டுக்காரர்களும் பாடசாலைகளும் பாவிக்கவென்று வந்த இந்த அளவுகளை எளிதில் தீப்பிடிக்காத அசிட்டேட்டில்தான் செய்தார்கள். 16 மி.மீ வந்தது 1923இல், 8 மி.மீ 1932இல், சூப்பர் 8 வந்தது 1965இல். துளைகள் ஓரத்தில் இல்லாமல் நடுவில் இருந்தால் அது பாத்தே கம்பனியின் 9.5 மி.மீ. அதிலும் ஆபத்தில்லை.

35 மி.மீ என்றால் நில்லுங்கள். 1950களின் தொடக்கம் வரை 35 மி.மீ படங்கள் நைட்ரேட்டில் வந்தன. நைட்ரேட் எரியத் தொடங்கினால் எரிவதற்கான ஒட்சிசனை அதுவே உண்டாக்கிக்கொள்ளும். தண்ணீருக்குள் போட்டாலும் எரியும், விடுகிற புகையும் நஞ்சு. ஓரத்தில் 'சேஃப்டி' என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தால் பெரும்பாலும் சரி. 'பெரும்பாலும்' என்கிறேன், ஏனென்றால் ஒரு படத்தைப் பிரதி எடுக்கும்போது மூலத்தின் ஓர எழுத்தும் சேர்ந்து பதிந்துவிடும். சந்தேகம் என்றால் வீட்டை விட்டுத் தள்ளி, குளிர்ச்சியான, வெயில் படாத இடத்தில் வையுங்கள். தபாலில் அனுப்ப வேண்டாம், பஸ்ஸில் கொண்டுபோகவும் வேண்டாம். திரைப்படக் காப்பகம் ஒன்றோடு பேசி அவர்கள் சொல்கிறபடி செய்யுங்கள். ஒரு துண்டைக் கொளுத்திப் பார்த்தால் தெரிந்துவிடும் என்று சொல்லும் அண்ணன்மார் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள். அவர்கள் பேச்சைக் கேட்காதீர்கள்.

அகலம் பார்த்தாயிற்றா? இப்போது ரீலைப் பக்கவாட்டில் வெளிச்சத்துக்கு எதிரே பிடியுங்கள். சுற்றின் ஊடாக வெளிச்சம் மங்கலாகத் தெரிந்தால் அது பொலியெஸ்டர், கெட்டியான சாமான். கறுப்பாக அடைத்துக்கொண்டிருந்தால் அசிட்டேட். கீழே வரும் நோய்களில் முதலாவது அசிட்டேட்டின் நோய்.

## மூடியைத் திறந்தால் மூக்கில் ஏறும் புளிப்பு

காடி வாடை. வினாகிரிப் போத்தல் கவிழ்ந்தது போல. அசிட்டேட் சிதையத் தொடங்கிவிட்டது, வெளியே வருவது அசெற்றிக் அமிலம். இதில் கொடுமை என்னவென்றால் வெளிவந்த அமிலமே மேலும் சிதைவைத் தூண்டுகிறது. முதலில் வருடக்கணக்கில் ஊர்ந்து வரும், ஒரு கட்டம் தாண்டினால் ஓட்டமெடுக்கும். அப்புறம் ஃபிலிம் சுருங்கி நெளியும், மேலே வெள்ளைத் தூள் பூக்கும். ஒலி பதிந்த காந்தப் பூச்சு இருக்கும் ரீல்களுக்கு இது இன்னும் சீக்கிரம் வரும், பூச்சில் உள்ள இரும்புதான் காரணம்.

எவ்வளவு முற்றியிருக்கிறது என்று பார்க்க ஒரு சோதனைத் தாள் இருக்கிறது. டப்பாவுக்குள் போட்டு மூடி ஒரு நாள் வைத்தால் நீலத் தாள் அமிலத்துக்கு ஏற்பப் பச்சையாகும், முற்றினால் மஞ்சள். நான் வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களிடம் சொல்லி எடுப்பிப்பேன். தாள் இல்லாவிட்டால் மூக்கு போதும். மூடியைத் திறந்து முகத்தைக் கிட்டக் கொண்டுபோனால்தான் மணக்கிறது என்றால் கொஞ்சம் காலம் இருக்கிறது. அறைக்குள் நுழையும்போதே மணந்தால் ஸ்கேன் பண்ணும் வரிசையில் அந்த ரீல்தான் முதல்.

இங்கேதான் நம் ஆட்கள் தவறு விடுவார்கள், அதுவும் கெட்டிக்காரத்தனத்தால். தோட்டத்தில் வளர்ந்தவனுக்குத் தெரியும், காய்ந்த தேயிலைத் தூளில் 3 சதவீதம் போல ஈரம் இருக்கும், காற்றுப் பட்டால் கெட்டுப்போகும், ஈயத்தாள் ஒட்டிய பெட்டியில் அடைத்தால் தாங்கும். அதே பழக்கத்தில் ரீலையும் பிளாஸ்டிக் பையில் இறுக்கிக் கட்டிப் பெட்டியில் அடைக்கிறார்கள். தூளுக்குச் சரியானது புளித்த ரீலுக்குப் பிழை. உள்ளே வரும் அமிலக் காற்று வெளியேற வழியில்லாமல் ரீலையே தின்னும். காற்றுப் போகும் டப்பாவில், மற்ற ரீல்களிலிருந்து தள்ளி வையுங்கள். பக்கத்தில் இருக்கும் நல்ல ரீலுக்கும் தொற்றும்.

சூடு ஆகாது. ஸ்டோரில் (தேயிலைத் தொழிற்சாலையில்) அடுப்புப் பக்கம் ஈரமில்லாமல் இருக்கும் என்று அங்கே வைத்த ஒருவரை எனக்குத் தெரியும். ஈரம் குறைந்தது, சூட்டில் அமிலம் கூடியது. 21 பாகை செல்சியஸ், 50 சதவீத ஈரப்பதம் என்றால் புதிய அசிட்டேட் ரீல் வாடையடிக்கத் தொடங்க 40, 50 வருடம் பிடிக்கும். கொழும்பில் சராசரி 27, 28 பாகை. நுவரெலியாவில் சராசரி 16. குளிரைப் பொறுத்தவரை கொழும்புக்காரர் நம்மைப் பார்த்துப் பொறாமைப்பட வேண்டும். நமக்குப் பகை ஈரம்.

வாடை முற்றிய ரீலை ஸ்கேன் பண்ண உடனே வழியில்லை என்றால் உறைபெட்டியில் வைக்கலாம். அதற்கு மட்டும் இறுக்கிக் கட்டுவது சரி, அந்தக் குளிரில் சிதைவு ஏறத்தாழ நின்றுவிடும். ஒரு பைக்குள் இன்னொரு பை, காற்றைப் பிதுக்கி விட்டு, இரண்டுக்கும் நடுவில் ஒரு காய்ந்த அட்டைத் துண்டு. வெளியே எடுத்தால் ஒரு நாள் முழுக்கப் பையைப் பிரிக்காதீர்கள், பனித்தண்ணி ஃபிலிமில் படியும். 2022 மார்ச் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் கரண்ட் வெட்டினார்களே, அப்போது என் உறைபெட்டியில் நாலு ரீல் இருந்தது. வீட்டில் மீனையும் கோழியையும் எடுத்துச் சமைத்தார்கள். நான் பைகளைத் தொடவே இல்லை. ஒன்றும் ஆகவில்லை.

ஒன்றை மட்டும் மனதில் வையுங்கள்: இந்த நோயை மெதுவாக்கலாம், மாற்ற முடியாது. 'ரீலைப் பழையபடி ஆக்கித் தருகிறேன்' என்று காசு கேட்பவரிடம் கொடுக்காதீர்கள்.

## வெள்ளைப் பஞ்சு, சிலந்தி வலை, சாம்பல் புள்ளி

பூஞ்சை. மே மாதம் தென்மேல் மழை பிடித்தால் மேற்குச் சரிவில் செப்டெம்பர் வரை சுவரே வியர்க்கும். ஊவாப் பக்கத்துக்கு அந்தக் கஷ்டம் வருடக் கடைசியில். ஈரப்பதம் 65 சதவீதத்தைத் தாண்டிக் கிடந்தால் பூஞ்சைக்குக் கொண்டாட்டம். படம் பதிந்திருக்கும் பூச்சு ஜெலட்டின், மாட்டெலும்பிலும் தோலிலும் செய்தது. அதற்கு அது சாப்பாடு.

கை துறுதுறுக்கும், துடைக்கக் கூடாது. பூஞ்சை தின்ற ஜெலட்டின் தண்ணீரில் கரையும். ஈரத் துணியால் ஒரு இழுவை இழுத்தால் பூஞ்சையோடு ஆளின் முகமும் சேர்ந்து வந்துவிடும். சர்ஜிக்கல் ஸ்பிரிட், டெட்டோல், கண்ணாடி துடைக்கும் நீலத் தண்ணி எல்லாம் அதே கதைதான், தண்ணி கலந்தவை. கருவாடு போல வெயிலில் காயப்போடுவதும் வேண்டாம்.

முதலில் காய விடுங்கள். நல்ல மூடியுள்ள பிளாஸ்டிக் வாளி, அடியில் சிலிக்கா ஜெல், மேலே ஒரு தட்டு, தட்டில் ரீல். ரீலில் ஜெல் படக்கூடாது. அஞ்சாறு நாளில் பூஞ்சை தூளாகும். பிறகு முகக்கவசம் போட்டு, வீட்டுக்கு வெளியே, காற்று உங்களிடமிருந்து அப்பால் போகும் திசையில் நின்று, மென்மையான வெல்வெட் துணியால் தட்டி எடுங்கள். கொரோனாக் காலத்துக் கவசம் வீட்டில் மிச்சமிருந்தால் அதற்கு இப்போது வேலை. எஞ்சியதற்கு 99 சதவீத ஐசோபுரோப்பைல் அல்கஹோல், துணி நனைந்தும் நனையாமலும். அதையும் முதலில் படமில்லாத லீடர் துண்டில் தேய்த்துப் பார்த்துத் துணியில் நிறம் வராவிட்டால் மட்டும். ஏற்கெனவே தின்ற இடத்தில் பெரணி இலை மாதிரி ஒரு கோலம் இருக்கும். அது போகாது.

சுற்று ஒன்றோடொன்று ஒட்டிச் செங்கல் மாதிரி ஆகிவிட்டதா? பிரிக்காதீர்கள். ஆய்வுகூட வேலை அது.

## புரொஜெக்டரில் குதிக்கிறது, துளையோரம் கிழிகிறது

இதுதான் என் சாக்கு ஓட்டத்தைத் தின்றது. ஃபிலிம் சுருங்கிவிட்டது, மெசினின் பல் பழைய இடைவெளியிலேயே இருக்கிறது. பல் துளைக்குள் போகாமல் ஓரத்தைக் கடிக்கிறது.

சுருக்கத்தை அளக்கத் தராசும் வேண்டாம் மெசினும் வேண்டாம். சுருங்காத 16 மி.மீ ஃபிலிமில் ஒரு துளைக்கும் அடுத்ததற்கும் 7.62 மி.மீ. நூறு இடைவெளிக்கு 762 மி.மீ. மேசையில் துணி விரித்து, இழுக்காமல் கிடத்தி, முதல் துளையின் விளிம்பிலிருந்து நூறு எண்ணி அதே விளிம்பு வரை அளங்கள். 756க்குக் கீழே வந்தால், அதாவது 6 மி.மீ அளவுக்குக் குறைந்தால், சுருக்கம் 0.8 சதவீதம். அதற்கு மேல் புரொஜெக்டர் பக்கமே போகக்கூடாது. பல்லில்லாமல் உருளையில் ஓடும் ஸ்கேனர்கள் இருக்கின்றன, அவற்றில் போகும். சில புதிய 16 மி.மீ ஃபிலிம்களில் இடைவெளி 7.605 மி.மீதான். அது ஒன்றரை மில்லிமீட்டர் வித்தியாசம்தானே, பயப்பட வேண்டாம். எனக்கு அன்று யாராவது இதைச் சொல்லியிருந்தால் பத்து நிமிட வேலை. பிறகு அளந்தேன், 751.

அறுந்ததை செலோ டேப்பால் ஒட்டாதீர்கள். கோந்து கசிந்து மூன்று சுற்றை ஒன்றாக்கும். ஃபிலிமை ஒட்டவென்றே ஸ்பிளைஸ் டேப் இருக்கிறது.

## எல்லாரும் ரோஸ் நிறத்தில் இருக்கிறார்கள்

1950களிலிருந்து வந்த ஈஸ்ட்மன் கலர் வகைப் பிரதிகளில் நீலப்பச்சைச் சாயம் முதலில் வெளுக்கும். மிஞ்சுவது சிவப்பு. தேயிலை மலையே பீட்ரூட் தோட்டம் மாதிரி இருக்கும். ரீலில் திரும்பாது, ஸ்கேனில்தான் திருத்தலாம். மூன்று நிறமும் தனித்தனியாக ஆழமாகப் பதியும் ஸ்கேன் கேளுங்கள், திருத்தாத கோப்பையும் சேர்த்துக் கேளுங்கள். இருட்டில் கிடந்த கோடக்குரோம் (கோடக் கம்பனியின் கலர் ஃபிலிம்) ரீல் மட்டும் ஆச்சரியம். எழுபது வருடத்துக்குப் பிறகும் குங்குமம் குங்குமமாகவே இருக்கும்.

கறுப்பு வெள்ளைப் படத்துக்கு போன் செயலியில் கலர் போட்டு அனுப்பும் பழக்கம் எனக்குப் பிடிக்கவில்லை. மெசின் நினைத்தபடி ஒரு பச்சைச் சேலை கட்டிவிடுகிறது, பேரப்பிள்ளைகள் அதை நம்புகிறார்கள்.

## ஆட்கள் விறுவிறென்று ஓடுகிறார்கள்

பழைய வீட்டுப் படங்கள் செக்கனுக்கு 16 பிரேம், சூப்பர் 8 என்றால் 18. அதை 24 அல்லது 25இல் ஓட்டினால் தொரையும் கங்காணியும் சார்லி சாப்ளின் ஆகிவிடுவார்கள். ஸ்கேன் பிரேம் பிரேமாக இருந்தால் ஓடும் வேகத்தைக் கணினியில் மாற்றினால் போதும். எந்த வேகம் சரி என்று பார்க்கக் கொழுந்து பறிக்கும் கையைப் பார்க்காதீர்கள், அது எந்த வேகத்திலும் வேகம்தான். அருவித் தண்ணி விழுவதை, காயும் துணி ஆடுவதை, பிள்ளை தூக்கி நடக்கும் தாயைப் பாருங்கள்.

ஸ்கேனருக்கு வசதியில்லாமல், சுருங்காத ரீலைச் சுவரில் விழுத்தி கேமராவில் எடுக்கிறீர்கள், படம் மினுங்குகிறது என்றால்: மூன்று இதழ் ஷட்டர் (ஒவ்வொரு பிரேமிலும் வெளிச்சத்தை மூன்று தடவை வெட்டும் தகடு) உள்ள புரொஜெக்டரைச் செக்கனுக்கு 16 பிரேமுக்குச் சற்று மேலே, பதினாறே முக்காலுக்குக் கொஞ்சம் குறைவாக வையுங்கள். செக்கனுக்கு 50 வெட்டு விழும். கேமராவை 25 பிரேமில், ஷட்டரை ஐம்பதில் ஒரு பங்கு செக்கனில் வைத்தால் மினுக்கம் அடங்கும். இது பார்க்கும் பிரதிக்குத்தான், பாதுகாக்கும் பிரதிக்கு இல்லை.

## ஊர் தெரிந்த மாதிரி இருக்கிறது, ஆனால் ஏதோ சரியில்லை

அதே ஆறு ரீல்களில் மூன்றாவதை ஸ்கேன் பண்ணி, அந்தத் தோட்டத்து லயத்தில் (தொழிலாளர் வரிசை வீட்டில்) ஒரு அம்மாயிக்கு லப்டொப்பில் காட்டினேன். எண்பது தாண்டியவர். ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, "நம்ம மல மாதிரிதான் இருக்கு தம்பி. ஆனா பாற இந்தப் பக்கமில்லையே" என்றார். வயதாகிவிட்டது, ஞாபகம் பிசகுகிறது என்று நினைத்துக்கொண்டு வந்துவிட்டேன். இரண்டு கிழமை கழித்து அதே காட்சியில் தொரையின் கார் வரும் இடத்தைப் பார்க்கிறேன், ஸ்டியரிங் இடப்பக்கம். ரீலை மறுபக்கமாக மாட்டி ஸ்கேன் பண்ணியிருக்கிறேன். முழு மலையும் இடம் வலமாகக் கவிழ்ந்திருக்கிறது. அம்மாயியின் ஞாபகத்தில் பிசகில்லை.

கடைப் பலகை எழுத்து, சட்டைப்பை இருக்கும் பக்கம், கார் ஸ்டியரிங், இந்த மூன்றில் ஒன்றைப் பார்க்காமல் எந்த ஸ்கேனையும் ஒப்புக்கொள்ளாதீர்கள்.

## வீடியோ கெசட்: கோடு கோடாக ஓடுகிறது

சிறிய கண்ணாடி வழியே பாருங்கள். டேப் விளிம்பில் வெள்ளைத் தூள் என்றால் அதே பூஞ்சை, நல்ல டெக்கில் (கெசட் ஓட்டும் மெசினில்) போட்டால் டேப்பை வாசிக்கும் தலையும் போகும், அடுத்துப் போடும் கெசட்டுக்கும் பரவும். சுத்தம் பண்ணவென்று ஒரு பழைய டெக்கை ஒதுக்கி வையுங்கள். பூஞ்சையில்லாமல் கோடு வந்தால் டிராக்கிங் (தலை டேப்பில் பதிந்த தடத்தைச் சரியாகப் பின்தொடராதது), அல்லது தலையில் அழுக்கு. கெசட்டை அடுப்பில் சூடாக்கினால் சரியாகும் என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். அது வேறு வகை டேப்புக்கு, வேறு நோய்க்கு, ஆய்வுகூட அடுப்பில். பாண் சுடும் அவணில் இல்லை.

## ஸ்கேன் கோப்பு திறக்கவில்லை, அல்லது மங்கல்

மங்கல் என்றால் வட்ஸ்அப்பில் வந்ததாக இருக்கும். 100 அடி 16 மி.மீ ரீலில் 4,000 பிரேம். ஒவ்வொன்றையும் சுருக்காமல் 2கே அளவில் எடுத்தால் 50 கிகாபைட் வரும். அது போனுக்குள் எப்படிப் போகும்? பாதுகாக்கத் தரம் இழக்காத கோப்பு ஒன்று, பார்க்க எம்பி4 ஒன்று, இரண்டும் வேண்டும். தரம் இழக்காததற்கு எஃப்எஃப்வி1 என்ற வீடியோ வடிவம் நல்லது, யாருக்கும் காசு கட்டத் தேவையில்லை. கோப்புக்கு எம்டி5 கணக்கு (கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணினி போடும் அடையாள எண்) போட்டு எழுதி வையுங்கள். அடுத்த வருடம் அதே எண் வந்தால் கோப்பு பழுதாகவில்லை.

மூன்று பிரதி, ஒன்று வேறு மாவட்டத்தில். 2014 ஒக்டோபர் 29 காலை மீரியபெத்தைத் தோட்டத்தில் மலை சரிந்து லயங்கள் மண்ணுக்குள் போயின. அதற்குப் பிறகு நம் ஊரில் 'வீட்டில் பத்திரமாக இருக்கிறது' என்ற பேச்சு எனக்குப் போதாது. ஸ்கேன் முடிந்ததென்று ரீலை எறிந்துவிடவும் வேண்டாம். நாளைக்கு நல்ல ஸ்கேனர் வரும், ஹார்ட் டிஸ்க் போகும்.

## எந்த வருடம், எந்தத் தோட்டம்?

மஞ்சள் பெட்டிக்கு வருவோம். கோடக்குரோம் ரீலின் விலையிலேயே கழுவும் கூலியும் சேர்த்திருந்தது. எடுத்தவர் ரீலைக் கோடக் ஆய்வுகூடத்துக்குத் தபாலில் அனுப்புவார், அது கழுவி மஞ்சள் பெட்டியில் திரும்பி வரும். பெட்டியில் அவர் பெயர், தோட்டத்து முகவரி, சில நேரம் திகதியோடு தபால் முத்திரை. வருடத்தையும் இடத்தையும் நான் குப்பையில் போட்டேன். அதற்குப் பிறகு ஆறு மாதம் படத்துக்குள்ளேயே தேட வேண்டியதாயிற்று. பெட்டியில் பூஞ்சை என்றால் முதலில் போட்டோ எடுத்து, காயவைத்து, தனிப் பையில் வையுங்கள். ரீலோடு வரும் எந்தத் துண்டுக் காகிதமும் ரீலின் ஒரு பாகம்தான்.

பெட்டி இல்லாதவர்களுக்கு: கோடக் ஃபிலிம் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் இருக்கும். அது ஃபிலிம் செய்த வருடம், படம் எடுத்த வருடம் இல்லை. பல காலம் இருபது வருடத்துக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வந்தது, அதனால் 1937ஆ 1957ஆ என்று வேறு தடயத்தால் தீர்க்க வேண்டும். காரின் நம்பர் தகட்டில் ஸ்ரீ எழுத்து இருந்தால் 1957க்கு முன் இல்லை. நோர்வூட் பக்கம் காசல்ரீ நீர்த்தேக்கம் தெரிந்தால் 1965க்கு முன் இல்லை. பின்னர் நீர்த்தேக்கம் மூடிய கொத்மலைப் பள்ளத்தாக்கில் வயல் தெரிந்தால் 1985க்குப் பின் இல்லை. பழைய மஸ்கெலியா டவுன் வீதி தெரிந்தால் அந்த ரீலைப் பொன்போல வையுங்கள். அந்த டவுன் மவுசாக்கலை நீர்த்தேக்கத்துக்கு அடியில் இருக்கிறது, வறட்சியில் தண்ணி வற்றினால்தான் பழைய கோயில் தலை காட்டும்.

## காப்பகங்களில் தேடினால் ஒன்றும் வரவில்லை

'மலையகம்' என்று தேடினால் வராது. பட்டியல் எழுதியவர்களுக்கு அப்படி ஒரு சொல் தெரியாது. 1972க்கு முந்தியது எதுவானாலும் சிலோன் என்று ஆங்கில எழுத்தில் தேடுங்கள். டிம்புல, டிக்கோயா, மஸ்கெலியா, புசல்லாவ, ஊவா என்று தோட்டத்துரைமார் பிரித்து வைத்திருந்த வட்டாரப் பெயர்களைப் போடுங்கள். தலவாக்கலையை ஆங்கிலத்தில் இரண்டு விதமாகவாவது எழுதுவார்கள், எல்லாவற்றையும் போட்டுப் பாருங்கள். கடைசியாக, மனதைக் கல்லாக்கிக்கொண்டு, 'கூலி' என்றும் தேடுங்கள். நம் தாத்தா பாட்டிகள் அந்தச் சொல்லுக்கடியில்தான் கிடக்கிறார்கள்.

எங்கே தேடுவது? பிரிட்டிஷ் பாத்தே 2014இல் தன் செய்திப்படங்களில் 85,000ஐ யூடியூபில் ஏற்றியது, அங்கே தொடங்குவது சுலபம். 1954 ஏப்ரலில் எலிசபெத் ராணி வந்ததைச் செய்திப்படக்காரர்கள் எடுத்தார்கள். ராணியை விட்டுவிட்டு ஓரத்தில் நிற்கும் கூட்டத்தைப் பாருங்கள். இரண்டாம் உலகப் போரில் நேச நாடுகளின் தென்கிழக்காசியப் படைத் தளபதி மவுண்ட்பேட்டன் 1944இல் தலைமையகத்தைக் கண்டிக்கு மாற்றினார், அந்தக் காலத்துக்கு லண்டன் இம்பீரியல் போர் நூதனசாலை. அதன் பட்டியலையும் பிரித்தானியத் திரைப்பட நிறுவனத்தின் பட்டியலையும் சேர்த்து, காலனி நாட்டுப் படங்களுக்கென்றே ஓர் இணையத்தளம் 6,000க்கு மேற்பட்ட படங்களோடு இருக்கிறது. 1934இல் தேயிலைப் பிரசார சபையின் பணத்தில் பேசில் ரைட் எடுத்த 'சோங் ஒஃப் சிலோன்' போன்றவற்றின் விபரத்துக்கும் இந்த வழிதான். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத் தெற்காசிய ஆய்வு மையத்தில் வெள்ளைக்காரக் குடும்பங்களின் வீட்டுப் படங்கள் உண்டு. இங்கே 1948இல் தொடங்கிய அரசாங்கத் திரைப்படப் பிரிவு, 1982க்குப் பிறகு அரச தொலைக்காட்சியான ரூபவாகினி. காகிதத் தடயத்துக்கு நூலகம் நிறுவனத்தின் எண்ணிம நூலகம்.

1964 சிறிமா சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்தியாவுக்குப் போனவர்களின் பிள்ளைகள் நீலகிரியிலிருந்து கேட்பார்கள், 'கப்பல் ஏறின படம் இருக்கா?' இந்தப் பக்கம் மட்டும் தேடினால் பாதித் தேடல். இந்தியாவின் ஃபிலிம்ஸ் டிவிஷனும் 1948இல் தொடங்கியதுதான், செய்திப்படங்கள் எடுத்தது. அது இப்போது தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகத்தோடு சேர்ந்துவிட்டது, அங்கேயும் கேட்க வேண்டும்.

தோட்டத்து வாழ்க்கையைக் கதைப்படங்களில் தேடுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. 1963இல் தோட்டக்காரி, 1975இல் புதிய காற்று என்று நம் நாட்டுத் தமிழ்ப் படங்கள் வந்தன. 1983 ஜூலையில் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோவை எரித்தபோது பல படங்களின் நெகடிவ் அதோடு போனது. அதனால் இலங்கைப் பழைய படம் எதுவானாலும் நெகடிவ்வை மட்டும் தேடிக் காலத்தைக் கழிக்காதீர்கள். தியேட்டருக்குப் போன பிரதி, டி.வி.க்காக எடுத்த வீடியோ, யாரோ வீட்டில் பதிந்த கெசட் என்று கீழேயிருந்து மேலே தேடுங்கள்.

## கிடைத்தது, ஆனால் குறுக்கே எழுத்து ஓடுகிறது

அது பார்வைப் பிரதி. நடுவில் ஓடும் எண்கள் நேரக் குறி, அவற்றைக் குறித்து 'இத்தனையிலிருந்து இத்தனை வரை வேண்டும்' என்று கேட்க. விலை செக்கன் கணக்கில் அல்லது நிமிடக் கணக்கில் இருக்கும். பத்து செக்கன் எடுத்தாலும் குறைந்தபட்சம் அரை நிமிடத்துக்கோ ஒரு நிமிடத்துக்கோ கேட்பார்கள். எந்த நாட்டில், எத்தனை வருடம், டி.வி.யா இணையமா என்பதற்கேற்ப ஏறும். பாடசாலைக்கோ சமூக வேலைக்கோ என்றால் அதை முதல் வரியிலேயே சொல்லுங்கள், வெட்கப்பட வேண்டாம். பலர் குறைப்பார்கள்.

இன்னொன்று: டப்பா உங்கள் கையில் இருப்பதால் படத்தின் உரிமையும் உங்களுக்கு என்று ஆகாது. எடுத்தவர் குடும்பத்தைத் தேடி ஒரு கடிதம் போடுங்கள். நான் போட்ட ஒரு கடிதத்துக்கு அனுமதியோடு இன்னும் இரண்டு ரீலும் வந்தது.

## எல்லா முகமும் இருக்கிறது, ஒரு பெயர்கூட இல்லை

பட்டியலில் தொரையின் பெயர், தொரைசானியின் பெயர், நாயின் பெயர்கூட இருக்கும். மற்றவர்கள் எல்லாம் 'தொழிலாளர்கள்'. இந்தக் கோளாறை ஸ்கேனரால் தீர்க்க முடியாது, இருப்பவர்களிடம் போய்க் கேட்க வேண்டும். அதுவும் இந்த வருடமே.

பெரிய திரை வேண்டாம், கூட்டம் வேண்டாம். கூட்டத்தில் ஒருவர் சொன்னதை மற்றவரும் சொல்வார். ஒருவரோடு, அவர் வீட்டுக் காம்பராவில், சத்தமில்லாமல் ஓட்டுங்கள். 'இது உங்க அண்ணனா?' என்று வாயில் போடாதீர்கள். காத்திருங்கள். முகத்தைவிட நடையும் நிற்கும் விதமும்தான் முதலில் அடையாளம் தரும். அவர்கள் சொல்வதைப் போனில் பதிந்துகொள்ளுங்கள், கேட்டுவிட்டு.

கவிழ்ந்த ரீலைத் திருப்பி ஸ்கேன் பண்ணிக்கொண்டு அதே அம்மாயியிடம் போனேன். "இப்பப் பாருங்க அம்மாயி, பாற சரியா இருக்கா?" பாறையைப் பார்த்துத் தலையாட்டினார். பீலியடியில் பெண்கள் தண்ணி பிடித்துப் போகும் இடம் வந்தது, போன தடவை ஒன்றும் சொல்லாமல் விட்ட இடம். கையை நீட்டி நிறுத்தச் சொன்னார்.

"இடது இடுப்புல கொடம் வைக்கிறவ எங்க வீட்ல ஒருத்திதான் தம்பி. என் அக்கா. கப்பல்ல போனவ."

போன தடவை குடம் வலது இடுப்பில் இருந்தது. அக்காவைப் பார்த்தும் அவருக்குத் தெரியாமல் போனது என்னால்தான். திரும்ப ஓட்டச் சொன்னார். ஓட்டினேன். தொங்கல் காம்பரா எங்களுடையது, பக்கத்தில் போவது மாமா மகள், அந்தக் குடத்துக்கு வாயில் ஒரு நசுங்கல் இருக்கும் என்று ஒவ்வொன்றாக வந்தது. கோத்தகிரியில் அக்காவின் பேரப்பிள்ளைகள் இருக்கிறார்களாம், பார்க்கும் பிரதியை அனுப்பிவைத்தேன்.

குறிப்புத் தாளில் இப்படி எழுதுவேன், நீங்களும் இப்படியே எழுதலாம். ரீல் 3. 3 நிமிடம் 12 செக்கன் முதல் 3 நிமிடம் 23 வரை. பீலியடி, இடமிருந்து இரண்டாவது பெண். பெயர். யார் சொன்னது, என்ன உறவு, சொன்ன திகதி. எப்படித் தெரியும் என்ற கட்டத்தில்: இடது இடுப்பில் குடம்.